துணைப் பாத்திரமும் மெய்ப்பாடும்: டெல்லி கணேசின் நடிப்பு

நடிப்புக் கலையை ஆராயப் புகுவோர் கதைத்தலைவனையே அளவுகோலாகக் கொள்வது நம்மிடையே ஊறிப்போன வழக்கமாகும். அவனருகே நின்று காட்சிக்கு உயிரூட்டும் துணை நடிகர் திறனாய்வாளரின் கண்ணுக்கு எளிதில் புலப்படுவதில்லை. இவ்வழக்கம் பிழையுடையது என்பதற்கு டெல்லி கணேசின் நெடிய கலைவாழ்வே சான்றாகும்.

1944ஆம் ஆண்டு வல்லநாட்டில் பிறந்த அவர், பத்தாண்டுக் காலம் இந்திய விமானப் படையில் பணியாற்றினார். டெல்லியில் தட்சிண பாரத நாடக சபாவின் மேடையே அவருக்குப் பயிற்சிக்களம். இயக்குநர் கே. பாலசந்தர் ‘பட்டினப் பிரவேசம்’ (1977) படத்தின்வழி அவரைத் திரைக்குக் கொணர்ந்து, ‘டெல்லி’ என்னும் அடைமொழியையும் சூட்டினார். 2024 நவம்பரில் மறையும் வரை நானூறுக்கும் மேற்பட்ட படங்களிலும் பல தொலைக்காட்சித் தொடர்களிலும் அவர் நடித்தார்.

உள்ளத்து உணர்ச்சி உடலின்வழி வெளிப்படுவதையே தொல்காப்பியர் மெய்ப்பாடு என எண்வகைப்படுத்துகிறார். அவற்றுள் இளிவரல் என்பது மூப்பு, பிணி, வருத்தம், மென்மை ஆகிய நான்கையும் நிலைக்களனாகக் கொண்டது. வீரத்தையும் பெருமிதத்தையும் நாடும் கதைத்தலைவர்க்கு இது பெரும்பாலும் வாய்ப்பதில்லை. டெல்லி கணேசின் தனித்திறன் இங்கேதான் சிறந்து விளங்குகிறது. ‘சிந்து பைரவி’ (1985) படத்தில் அவர் குடிப்பழக்கத்தால் பாடகனின் சினத்துக்கு ஆளாகும் மிருதங்கக் கலைஞர். அவரைக் கடிந்த பாடகனே பின்னர்க் குடிக்கு அடிமையாகின்றான். முன்னவரின் தாழ்வை நாம் உணர்ந்திருப்பதாலேயே பின்னவனின் வீழ்ச்சி நெஞ்சைச் சுடுகின்றது. துணைப் பாத்திரம் கதையைத் தாங்கும் முறை இதுவேயாகும்.

‘அபூர்வ சகோதரர்க’ளில் (1989) கொடியவர் நால்வருள் ஒருவராக வந்தவர், மறு ஆண்டே ‘மைக்கேல் மதன காமராஜ’னில் பாலக்காட்டுச் சமையற்காரராக மாறினார். அங்கே அவர் நகைச்சுவைக்கெனத் தனியே முயல்வதில்லை. பாத்திரத்தின் பதற்றம் மெய்யாக இருப்பதால் நகை தானே பிறக்கின்றது.

எனினும் ஒரு குறையைச் சுட்டாது விடுதல் நடுநிலையாகாது. துரை இயக்கிய ‘பசி’ (1979) படத்தில் சென்னைக் குடிசைப் பகுதியின் ரிக்சாத் தொழிலாளியாகவே வாழ்ந்து காட்டி, தமிழக அரசின் சிறப்புப் பரிசையும் பெற்றவர் அவர். ஆயினும் திரையுலகம் அவரைப் பெரும்பாலும் நடுத்தரக் குடும்பத்துத் தந்தையாகவும் பிராமணப் பெரியவராகவுமே மீண்டும் மீண்டும் வார்த்தது. தொலைக்காட்சித் தொடர்களும் அவ்வார்ப்பை உடைக்கத் துணியவில்லை. ஒரே வகைப் பாத்திரத்தையும் வேறுவேறு மனிதராக்கியது அவர் பெருமை. அவருக்குப் பிற வாயில்களைத் திறவாதது திரையுலகின் வறுமை.

ஜொகூரின் தமிழ்ப்பள்ளி மேடைகளிலும் மன்னர் வேடத்துக்குப் போட்டி மிகுதி. வாயிற்காவலன் வேடத்துக்கு ஆளிருப்பதில்லை. சிறிய வேடம் என்று மனம் சுளிக்கும் மாணவனுக்கு ஆசிரியர் காட்டத்தக்க பாடம் டெல்லி கணேசின் வாழ்வு. பிறர் பேசும்போது செவிமடுத்து நிற்பதும் நடிப்பே என்பதை அவன் உணர்வானாயின், நாடகமும் சிறக்கும், அவனும் சிறப்பான்.