நடிகையரும் உறவுமுறைகளும்

கோலாலம்பூர் ஜாலான் அம்பாங்கிலுள்ள முஸ்லிம் அடக்கத்தலத்தில் மலாய்த் திரைக்கலைஞர் பி. ரம்லி 1973இல் அடக்கம் செய்யப்பட்டார். பத்தாண்டுகட்குப் பின், 1983இல், அவர்தம் மனைவி சலோமாவும் அங்கேயே அடங்கினார். சலோமாவைப் பற்றி எழுதப்புகுவோர் பெரும்பாலும் அவ்விடத்தைத் தாண்டிச் செல்வதில்லை. ரம்லியின் மனைவி, அதற்குமுன் ஏ. ஆர். தொம்பலின் மனைவி, நடிகை மரியானியின் உடன்பிறந்தவர். யாவும் உண்மையே. ஆனால், உறவுகளை எண்ணி முடிந்ததும் கட்டுரையும் முடிந்துவிடுகிறது. அவர் எவ்வாறு பாடினார் என்பதற்கு ஒரு வரி இல்லை.

நடிகையரின் குடும்பத்தை எழுதவே கூடாதென்பதன்று. பிரெஞ்சு நடிகை கேதரின் தெனுவின் பெற்றோர் இருவரும் நடிப்புத் தொழிலினர். தாயார் பிறமொழிப் படங்கட்குக் குரல் கொடுத்தவர். அக்காள் பிரான்சுவாஸ் தந்தையின் குடிப்பெயரோடு நடித்துவந்தமையால், தங்கை தாயின் பிறந்தவீட்டுப் பெயரைச் சூடிக்கொண்டார். ரோஷ்போர் நகரைக் களமாகக் கொண்ட 1967ஆம் ஆண்டுப் படமொன்றில் இருவரும் இரட்டைச் சகோதரியராக ஆடினர். அவ்வாண்டு ஜூன் திங்களிலேயே அக்காள் கார் விபத்தில் மாண்டார். இதனை அறிந்தபின் அப்படத்தின் களிப்பைப் பழையபடி காணல் அரிது. 'மங்கம்மா சபதம்' (1943) நாயகி வசுந்தரா தேவியும் அவர்தம் மகள் வைஜயந்திமாலாவும் 'இரும்புத்திரை'யில் (1960) தாயும் மகளுமாகவே தோன்றியதை நம்மவர் அறிவர். இங்கெல்லாம் உறவு கலைக்கு விளக்காகின்றது.

ரோஷ்போர்ச் சகோதரியர்க்காகப் பாடியவர் வேறு மகளிர். சலோமா பாடியதோ தம் சொந்தக் குரலில். அவரைத் திறனாய்வோர் தொடங்கவேண்டிய இடம் இதுவே. 'பிலா லாருட் மாலாம்' என்னும் பாட்டைக் கேட்க. குரல் உச்சத்தை நாடி ஓடுவதில்லை. தாழ்ந்த சுருதியில், ஒலிவாங்கிக்கு அணித்தே நின்று ஒருவரோடு பேசுவதுபோல் நடக்கிறது. சொல் சிதைவதில்லை, தாளத்திற்குச் சற்றே பிந்தி வந்து விழுகிறது. மேனாட்டு ஜாஸ் இசையின் நடை அது. மலாய்ச் சொல்லோடு பிணக்கின்றிப் பொருந்திற்று. இதனைக் கேளாமல், அக்காலத்தார் அவரை மர்லின் மன்றோவோடு ஒப்பிட்டனர். அங்கும் இன்னொருவர் பெயரே!

ரம்லியின் உறவை இங்குப் பொருத்திக் காட்டலாம். 'செனிமான் பூஜாங் லப்போக்' படத்தில் அவரும் சலோமாவும் சேர்ந்து நடித்தது 1961இல், மணந்ததும் அவ்வாண்டே. 1964இல் ரம்லி சிங்கப்பூரை விட்டு உலு கிள்ளான் மெர்டேக்கா படநிலையத்திற்கு வந்தபின் எடுத்த 'அகமட் அல்பாப்' (1968) படத்திலும் சலோமா நடித்தார். கணவரின் படத்தில் மனைவி நடித்தார் என்று கூறி நிற்பது எளிது. சல்மா பிந்தி இஸ்மாயில், தந்தை பெயரையும் கணவர் பெயரையும் ஒட்டாது, 'சலோமா' என்ற ஒற்றைப் பெயரில் நின்றதையும் அதனோடு சேர்த்துச் சொல்லவேண்டும்.

கம்போங் பாருவையும் கே.எல்.சி.சி. வட்டாரத்தையும் இணைக்க 2020இல் திறக்கப்பட்ட 69 மீட்டர் நடைபாலத்திற்கு அப்பெயரையே இட்டனர். அதன் வடிவமோ மலாய் மணவிழாக்களில் அடுக்கி வைக்கும் வெற்றிலைத் தட்டத்தைத் தழுவியது. பாடகியின் பெயர் தாங்கிய பாலத்திற்கும் மணக்கோலமே வாய்த்தது.