பூம்பாவையின் பருவமும் காலதத்துவமும்

காலம் செல்லும் நெறி மாறுபட்ட நாடுகளைப் புனைந்துரைத்தல் பண்டுதொட்டே புலவர்க்கு உவப்பானதொன்று. அவற்றுள் இரண்டு நம் அன்பர் நன்கறிந்தவை. ஒன்று நிகண்டு நூலாரும் உரையாசிரியரும் கூறும் போகபூமி. ஆண்டுப் பதினாறாண்டுக் குமரனும் பன்னீராண்டுக் குமரியும் கற்பகத் தருக்கள் ஈயும் போகத்தைத் துய்த்து மூப்பின்றி இருப்பர். மற்றொன்று காளிதாசர் குமாரசம்பவத்தின் இரண்டாஞ் சருக்கத்திற் காட்டும் தாரகாசுரனது நகர். ஆண்டு ஞாயிறு வாவித் தாமரை மலர்தற்கு வேண்டுமளவே வெயில் எறிக்கும். பருவங்கள் ஒன்றன்பின் ஒன்றாய் வருதலை விடுத்து ஒருங்கு நின்று தோட்டக் காவலர்போல் ஏவல் செய்யும். திங்களும், அரன் முடிமேல் அணிந்த கலையொன்றொழிய, ஏனைக் கலைகளெல்லாம் நிரம்ப நாடோறும் பணிசெய்யும். முன்னதிற் காலம் நின்றது. பின்னதிற் காலம் அடிமைப்பட்டது.

இவ்விரண்டிற்கும் வேறான ஓரிடத்தைச் சேக்கிழார் சுவாமிகள் காட்டினார். தாம்பரம், பல்லாவரம் முதலிய ஊர்களை அடுத்துள்ள குன்றத்தூரிற் றோன்றி, பன்னிரண்டாம் நூற்றாண்டில் அநபாயச் சோழர்க்கு அமைச்சராய் இருந்து, சோணாட்டுத் திருநாகேச்சரத்தின்பாற் கொண்ட அன்பினால் தம்மூரிலும் அப்பெயரால் ஒரு கோயில் எடுப்பித்தவர் அவர். அவர் காட்டிய இடம், மயிலாப்பூர்க் கன்னிமாடத்தில் சிவநேசர் தம் மகளின் என்பும் சாம்பரும் இட்டுவைத்த குடமே. அரவு தீண்டி இறந்த சிறுமி பூம்பாவை, ஆளுடைய பிள்ளையார் திருப்பதிகம் ஓதியருள, பன்னிரண்டாண்டுப் பருவத்தினளாய் அக்குடத்தினின்றும் எழுந்தாள் என்பது வரலாறு. இறந்தாள் ஒருத்தி இறந்தபின்னும் வளர்ந்தாள் என்னும் இதனை இக்காலத்தார் சிலர் காப்பிய அலங்காரம் என்று ஒதுக்குவர். அது பொருந்துமா என ஆராய்வாம்.

அலங்காரமே ஆயின் ஆசிரியர் அதனை ஓரிடத்தில் வைத்து அமைந்திருப்பர். அவரோ அவிநாசியிலும் இதனை வைத்தார். ஆண்டு முதலை விழுங்கிய மதலையைச் சுந்தரமூர்த்தி சுவாமிகள் அழைப்பித்தபோது, சென்ற ஆண்டுகளின் வளர்ச்சியோடு முதலை அவனைக் கரையில் உமிழ்ந்தது என்கின்றார். திங்களூரில் அப்பூதியடிகள் மைந்தனுக்கோ இவ்வளர்ச்சி கூறிற்றிலர். அவன் இறந்த அன்றே எழுந்தானாதலின், இடைப்பட்ட காலம் ஆண்டு இல்லை. மூன்றிடத்தும் ஆசிரியர் கணக்கு வழுவவில்லை. ஆதலின் இஃது அவர் துணிந்து வைத்த பொருளென்பது தெளிவாம்.

இனிப் பதிகத்தை நோக்குக. ஐப்பசி ஓணம், கார்த்திகை விளக்கீடு, ஆதிரை, தைப்பூசம், மாசிக் கடலாட்டு, பங்குனி உத்திரம் எனத் திருமயிலையின் விழாக்கள் அதன்கண் முறையே அடுக்கப்பெற்றுள்ளன. இவற்றைக் காணாது போதலும் தகுமோ என்பதே பிள்ளையார் அச்சிறுமியை வினவும் வினா. குடத்திற்குள் விழா இல்லை. ஆகவே திங்களும் இல்லை, ஆண்டும் இல்லை. அவள் இழந்த காலத்தை விழா விழாவாக எண்ணி மீட்டுக் கொடுக்கின்றது பதிகம். பாடல்தோறும் போன உயிர்ப்பும் வடிவும் அடைவே நிரம்பின என்று சேக்கிழார் உரைத்தது இதன் கருத்தறிந்தே போலும்.

அற்றேல், மாண்ட பருவத்திலேயே அவளை எழுப்புதல் திருவருளுக்கு அரிதோ, இடையாண்டுகள் எற்றுக்கு எனின், கூறுதும். காலம் அசுத்தமாயையிற் றோன்றிய சடதத்துவம். நியதி, கலை, வித்தை, அராகம் என்பவற்றோடு கூடி உயிர்க்குக் கஞ்சுகமாவது. சென்றது, நிகழ்வது, வருவது என வினைப்பயனை அளந்து ஊட்டுதலே அதன் தொழில். உயிர் தானே ஏழாண்டினதும் அன்று, பன்னீராண்டினதும் அன்று. ஆண்டு என்னும் அளவு தனு கரண புவன போகங்களைப் பற்றியது. ஆகவே காலத்தை நிறுத்தினும் அடிமைகொள்ளினும் உயிர்க்கு வரும் ஊதியம் இல்லை. தாரகனுக்கும் அரன் முடிமேற் கலையொன்று எட்டாதே நின்றது. திருவருளோ காலத்தை அழித்திலது. வெறிதே கழிந்த காலத்தை நிரப்பிற்று. மகளை மட்டும் பெற்றிருப்பின், அவள் வளரக் காணாது அழுத ஆண்டுகள் சிவநேசர்க்கு இழவாகவே நின்றிருக்கும். அவ்விழவும் தீர்ந்தது.

பன்னீராண்டு மணப்பருவமாதலும் கருதற்பாலது. கண்ணகியார்க்கு இளங்கோவடிகள் கூறிய பருவமும் அதுவே. அதனாலன்றோ சிவநேசர் மகளை ஏற்றருளுமாறு பிள்ளையாரை வேண்டினார். நீர் பெற்ற பெண் விடத்தால் மாண்டாள், இவள் சிவனருளால் நாம் மீளத் தோற்றுவித்தவள் என்னும் கருத்தால் பிள்ளையார் மறுத்தருளினார். பழைய தனுவின் வினைநுகர்ச்சி அரவோடு முடிந்தது. புதிய தனு அருளால் வந்தது என்னும் வேற்றுமை இம்மறுப்பில் விளங்குகின்றது. போகபூமிக் குமரிக்கும் ஆண்டு பன்னிரண்டே. அவள் அப்பருவத்தில் நின்று போகந் துய்ப்பாள். இவளோ அதனைக் கடந்து கன்னியாகவே இருந்து சிவனடி சேர்ந்தாள்.

ஒரு குறையும் ஈண்டுச் சொல்லற்பாலது. எழுந்த பூம்பாவையின் வாய்ச்சொல் ஒன்றும் நம் செவிக்கு எட்டவில்லை. உடம்போடு அறிவும் வளர்ந்ததோ, அரவு தீண்டிய நாள் அவட்கு நேற்றோ பல்லாண்டிற்கு முன்னோ, என்பவற்றை ஆசிரியர் கூறாது விட்டார். தனுவின் வளர்ச்சியை அத்துணை நுணுகி அளந்தவர் கரணத்தின் வளர்ச்சியையும் ஒரு சொல்லாற் சுட்டியிருப்பின், சித்தாந்த மாணவர்க்குப் பேருதவியாயிருக்கும்.

பங்குனிப் பெருவிழாவின் எட்டாம் நாளில் கபாலீச்சரத்தில் இவ்வரலாறு ஆண்டுதோறும் விழாவாக நிகழ்கின்றது. குடத்தருகே நின்று அதனைக் கண்டு கண்ணீர் உகுப்பாருள் மகவை இழந்தாரும் இருப்பர். அவர்க்குச் சேக்கிழார் கூறுவது, இழந்த உயிர் இறைவன்பால் உளது என்பது மட்டுமன்று. இழந்த ஆண்டுகளும் அவன்பால் எண்ணப்பட்டே உள என்பதாம். இதனை அலங்காரம் என்பார், மகவை இழந்தார் ஒருவரின் முகத்தை நோக்கிப் பின் அங்ஙனம் கூறுக.