தேடுபொறி வரலாற்றில் பெருமுக்கல் எங்கே?

தேடுபொறிகளின் தோற்றம் பத்தித் தமிழில் வரும் கட்டுரைகளுக்கு ஒரு வாய்ப்பாடு இருக்கு. 1990-ல் மெக்கில் பல்கலைக்கழகத்தில் ஆலன் எம்டேஜ் எழுதிய ஆர்ச்சி, 1995 டிசம்பரில் ஆல்டாவிஸ்டா, 1998-ல் கூகுள், அப்புறம் சுபம். தகவலில் பிழையில்லை. ஆனா இது ஆங்கிலத்தில் தேடினவங்களோட வரலாறு.

ஆர்ச்சி கோப்புகளின் பெயர்களை மட்டும் பட்டியலிட்டது. ஆல்டாவிஸ்டா பக்கத்தின் முழு உரையையும் சொல் சொல்லாக அட்டவணையில் ஏற்றியது. பெரிய பாய்ச்சல்தான். ஆனா ஒரு தமிழ்ப் பக்கத்தில் 'சொல்'லுன்னு அதுக்கு எது தெரிஞ்சிருக்கும்? இந்தக் கேள்வியை அந்தக் கட்டுரைகள் கேட்பதே இல்லை.

திண்டிவனம் - மரக்காணம் சாலையில் இருக்கும் பெருமுக்கல்லையே எடுத்துக்குவோம். திஸ்கி குறியேற்றத்தில் இந்தப் பெயர் 7 குறிகள். கண்ணுக்குத் தெரியும் வரிசைப்படி கொம்பு முதலில் வரும், 'ப' பிறகு. 'ரு', 'மு' ஒவ்வொண்ணும் ஒரே குறி. யூனிகோடில் அதே பெயர் 11 குறிகள். 'ப' முன்னால, கொம்பு பின்னால. திரையில் ரெண்டும் ஒண்ணுதான். சொல்லை அப்படியே பொருத்திப் பார்க்கும் பொறிக்கோ ரெண்டுக்கும் ஒட்டும் இல்லை உறவும் இல்லை. 1999-ல் சென்னையில் நடந்த தமிழ்நெட்99 மாநாடு டாம், டாப்னு மேலும் ரெண்டு குறியேற்றங்களைத் தந்தது. பத்திரிகைகளோ அவங்கவங்க சொந்த எழுத்துருவில்.

இன்னொரு கூத்தும் உண்டு. திஸ்கிப் பக்கத்தை ஐரோப்பிய எழுத்தாக எடுத்துக்கொள்ளும் பொறிக்கு 'கு' ஒரு பெரிய எழுத்து, 'க்' அதே எழுத்தின் சின்ன வடிவம். பெரிசு சின்னது பார்க்காத தேடலில் ரெண்டும் ஒண்ணாயிடும். 'க்கு'ன்னு முடியும் சொற்களின் கதியை நீங்களே யோசிச்சுக்கோங்க!

1998 பொங்கலன்று தொடங்கிய மதுரைத் திட்டம் பழைய நூல்களை இணையத்தில் ஏற்றத் தொடங்கிவிட்டது. நூல் இருக்கு, ஆனா பொதுத் தேடலில் அகப்படாது. கூகுளின் பேஜ்ரேங்க் எந்தப் பக்கத்தை முன்னால வைக்கணும்னு தீர்மானிக்கும் முறை. முதலில் பக்கம் கையில் சிக்கினால்தானே அதுக்கு வேலை? எனவே நமக்குத் திருப்புமுனை 1998 இல்லை. விண்டோஸ் 2000, எக்ஸ்பி வந்து, 2003, 2004 வாக்கில் வலைப்பதிவர்கள் யூனிகோடுக்கு மாறிய காலம்தான் அது. அதுவரை, பக்கத்துப் புதுச்சேரியில் பிரெஞ்சு நிறுவனம் 1967 முதல் 1970 வரை மூணு தொகுதியாக அச்சிட்ட பழந்தமிழ் இலக்கியச் சொல்லடைவுதான் எந்தப் பொறியையும்விட உருப்படியாகத் தேடித் தந்தது. சொல்லைக் கொடுத்தா இடத்தைக் காட்டும். எழுத்துருச் சண்டை கிடையாது.

யூனிகோடு வந்தும் தீராத சிக்கல் ஒண்ணு பாக்கி. 1760-ல் அயர் கூட் பிரெஞ்சுக்காரர்களிடமிருந்து பிடித்த கோட்டை இந்தப் பெருமுக்கல்தான். ஆனா ஆங்கிலேயர் குறிப்புகளில் அது 'பெர்மாகோயில்'. எழுத்துப் பொருத்தத்தை மட்டும் நம்பித் தேடினா அது வேற ஊர். ரெண்டு பெயரையும் சேர்த்து எழுதிய பக்கம் ஒண்ணு இருந்தாத்தான் அந்த முற்றுகை இந்த மலைக்கு வந்து சேரும்.