இரு குரலும் ஒரு கிற்றாரும்: நத்தார்ப் பாடலின் எளிமை குறித்து ஒரு நோக்கு

1

கலையில் எளிமை இருவகைப்படும். ஒன்று வேறு வழியின்மையால் வாய்ப்பது. மற்றொன்று வழிகள் பலவிருந்தும் அவற்றை விலக்கித் தேர்ந்துகொள்வது. வறியவன் உண்ணும் கூழும் நோன்பிருப்பவன் உண்ணும் கூழும் கலத்தில் ஒன்றுபோலவே தோன்றும். ஆயினும் இரண்டையும் ஒன்றெனக் கூறுதல் பொருந்தாது. இசைத்துறையிலும் இவ்வேறுபாட்டை மனங்கொள்ளாது செய்யப்படும் மதிப்பீடுகள் பிழைபட்டுப் போவதைக் காண்கின்றோம்.

மேனாட்டுப் பொப்பிசைக் கலைஞர்கள் மின்கருவிகளைத் தவிர்த்து, மரக்கிற்றார் போன்ற இயற்கை ஒலிக்கருவிகளைக் கொண்டே இசைத்தட்டுகளை வெளியிடுவது 1990களின் பின்னர் ஒரு மரபாகவே நிலைபெற்றுவிட்டது. நத்தார்க் காலத்தையொட்டி வெளிவரும் தொகுப்புகளிலும் இம்மரபைக் காணலாம். அமெரிக்காவைச் சேர்ந்த அலி, ஏஜே என்னும் பதின்வயதுச் சகோதரியர் இருவர் 2006 ஆம் ஆண்டு வெளியிட்ட ‘அக்கூஸ்ரிக் ஹார்ட்ஸ் ஒஃப் விண்டர்’ இதற்குத் தக்க எடுத்துக்காட்டாகும். மின்கிற்றாரின் முழக்கத்தோடு இளையோர் மத்தியில் அறிமுகமான இவ்விரட்டையர், தம் பாட்டன் பாட்டியர் காலத்து நத்தார்ப் பாடல்களைத் தணிந்த குரலிற் பாட முற்பட்டனர். இவ்வகை முயற்சிகள் நமக்கு எப்பொருளைத் தருகின்றன? மின்சாரமே அரிதாயிருந்த ஒரு தீவில் நின்று இதனைச் செவிமடுப்பவன் யாது கருதுவான்? இவ்வினாக்களை முன்வைத்து நெடுந்தீவைக் களமாகக் கொண்டு சில கருத்துகளை ஈண்டு ஆராய்வாம்.

2

நெடுந்தீவு யாழ்ப்பாணத் தீவகத்தின் தென்மேற்கு எல்லையில், குறிகட்டுவான் இறங்குதுறையிலிருந்து ஏறத்தாழ ஒரு மணிநேரக் கடற்பயணத் தொலைவில் அமைந்துள்ளது. பவளக்கற்களை அடுக்கிக் கட்டிய வேலிகளும், பனந்தோப்புகளும், கட்டின்றித் திரியும் குதிரைகளும் அதன் அடையாளங்கள். மாடுகள் மல்கிய இடமாதலின் பசுத்தீவு என்னும் பெயரும் அதற்கு வழங்கியது என்பர். ஒல்லாந்தர் தீவகத்தின் தீவுகளுக்குத் தம் நாட்டு நகரங்களின் பெயர்களை இட்டனர். அவற்றுள் ‘டெல்வ்ற்’ என்ற பெயர் மாத்திரமே இன்றளவும் வழக்கில் நிலைத்துள்ளது.

தீவு நெடுங்காலமாகத் தன்னகத்தே இயங்கிய டீசல் மின்பிறப்பாக்கிகளிலிருந்தே மின்னொளியைப் பெற்றுவந்தது. இந்திய நிதியுதவியுடன் காற்றும் கதிரொளியும் கலந்த மின்திட்டம் ஒன்றுக்கு ஒப்பந்தம் கைச்சாத்திடப்பட்டது 2024 இலேதான். ஆகவே மின்கருவியின்றிப் பாடுதல் என்பது இத்தீவினருக்கு ஒரு பாணியன்று. தலைமுறை தலைமுறையாக அவர்கள் அறிந்திருந்த ஒரே பாடுமுறை அதுவே.

இவ்வெளிமைக்குப் பின்னால் ஒரு வரலாறும் உண்டு. 1658 இல் யாழ்ப்பாணத்தைக் கைப்பற்றிய ஒல்லாந்தர் கத்தோலிக்க வழிபாட்டைத் தடைசெய்தனர். குருமாருக்குப் புகலிடம் கொடுப்பதும் மரணதண்டனைக்குரிய குற்றமாக அறிவிக்கப்பட்டது. 1687 இல் கோவையிலிருந்து, அதாவது இந்திய மேற்குக் கரையின் கோவாவிலிருந்து, மாறுவேடத்தில் வந்துசேர்ந்த யோசேப் வாஸ் அடிகளார் இரவுகளில், வீடுகளுக்குள், மறைவாகவே திருப்பலி ஒப்புக்கொடுத்தார். மணியோசையோ பேரிசைக் கருவிகளோ அங்கு ஒலித்திருக்க முடியாது. வெளியே கேளாதவாறு தணித்துப் பாடும் பாட்டு அக்காலத்தில் அழகுணர்ச்சியின்பாற் பட்டதன்று, உயிர்ப்பாதுகாப்பின்பாற் பட்டது. இன்றைய இசைத்தட்டுகளில் ‘நெருக்கம்’ என்று போற்றப்படும் தணிந்த குரலை, நம் முன்னோர் அச்சத்தின் காரணமாகவே பயின்றனர் என்று கூறின் அது மிகையாகாது.

3

இனி, நத்தார்ப் பாடல்களுள் உலகெங்கும் பரவிய ஒன்றை நோக்குவோம். ‘சைலன்ற் நைற்’ என்று நாம் ஆங்கிலத்தில் அறிந்துள்ள பாடல் செர்மானிய மொழியிற் பிறந்தது. யோசப் மோர் என்னும் இளங்குரு 1816 இல் அதன் சொற்களை எழுதினார். நெப்போலியப் போர்களின் அழிவிலிருந்து சால்ஸ்பேர்க் நாடு தலைநிமிராத ஆண்டு அது. கோடையே வராத ஆண்டு என்று ஐரோப்பிய வரலாற்றிற் குறிக்கப்படுவதும் அதுவே. 1818 டிசம்பர் 24 அன்று, ஓபர்ன்டோர்வ் என்னும் ஆற்றங்கரையூரில், பாடசாலை ஆசிரியரான பிரான்ஸ் சேவியர் குருபர் அதற்கு மெட்டமைத்தார். அன்றிரவே கோயிலில் இருவரும் சேர்ந்து பாடினர். மோர் கிற்றாரை மீட்டினார்.

இங்கு நாம் கருதத்தக்கது ஒன்றுண்டு. இரு குரலும் ஒரு கிற்றாரும் கொண்ட நத்தார்ப் பாடல் பொப்பிசைக் கலைஞர் கண்ட புதுமையன்று. அப்பாடல் பிறந்தபோதே அவ்வடிவில்தான் பிறந்தது. பின்வந்தோர் அதன்மேற் பேரிசைக் குழுக்களையும் மணிகளையும் ஏற்றினர். ஆகவே அதனை மீண்டும் இரு குரலுக்கும் கிற்றாருக்கும் உரியதாக்குபவர் அதன் முதல்வடிவை நாடிச் செல்கின்றனர் என்றே கொள்ளல் வேண்டும்.

ஆயினும் அவ்வடிவை மீட்டல் மாத்திரம் போதுமா? 1966 இல் பொப்பிசை இரட்டையரான சைமன், கார்பங்கல் இருவரும் இதே பாடலைப் பியானோவின் துணையோடு மிக எளிமையாகப் பாடினர். ஆனால் அதன் மீது ஒரு வானொலிச் செய்தியறிக்கையையும் ஒலிக்கவிட்டனர். கொலையும், குடியுரிமைப் போராட்டமும், வியட்நாம் போரும் பற்றிய அச்செய்திகள் வரவர உரத்தொலிக்க, அமைதியைப் பாடும் குரல்கள் சிறிதும் மாறாது தொடர்கின்றன. பாடகர் தம் கருத்தாக ஒரு சொல்லும் கூறவில்லை. எனினும், எந்த உலகில் நின்று இவ்வமைதி பாடப்படுகின்றது என்ற வினா கேட்போர் நெஞ்சில் எழாதிருக்க முடியாது. எளிமை இங்கே பொருளுடையதாகின்றது. ஏனெனில் அதற்கு எதிர்நிற்கும் ஒன்றும் உடன் காட்டப்படுகின்றது.

2006 ஆம் ஆண்டின் சகோதரியர் தொகுப்பில் இத்தகைய எதிர்நிலை இல்லை. அதன் குரல்கள் இனியவை. இணைந்து செல்வதில் உடன்பிறந்தோர்க்கே இயல்பான ஒருமை உண்டு. ஆனால் அங்கே எளிமை ஓர் ஆடையாக நின்றுவிடுகின்றது. ஒலிப்பதிவுக்கூடத்தின் நுண்கருவிகள் யாவும் திரைக்குப்பின் இயங்க, முன்னே மரக்கிற்றார் ஒன்று நிறுத்தப்படுகின்றது. இதனை ஏமாற்று என்று இகழவேண்டியதில்லை. எனினும் துறவு என்று போற்றவும் இயலாது.

4

அத்தொகுப்பின் தலைப்பே ஓர் உண்மையைப் புலப்படுத்துகின்றது. அதில் நத்தார் என்ற சொல் இல்லை. பனிக்காலம் என்ற சொல்லே உள்ளது. தமிழ்ப் பொருளிலக்கணம் இவ்விடத்தில் நமக்கு நல்லதோர் அளவுகோலாக உதவும். நிலமும் பொழுதும் முதற்பொருள். அவற்றைச் சார்ந்த மரம், விலங்கு, தொழில் முதலியன கருப்பொருள். மாந்தரின் உள்ளத்து ஒழுக்கம் உரிப்பொருள். பாட்டில் இவற்றுள் தலைமை பெறுவது உரிப்பொருளேயாம். மேனாட்டு வணிக நத்தார்ப் பாடல்களிற் பெரும்பான்மையானவற்றில் பனியும், ஊசியிலை மரமும், சறுக்குவண்டி மணியுமாகிய முதலும் கருவும் பெருகிவிட, வறிய தாயொருத்தி தொழுவத்திற் குழந்தையை ஈன்றாள் என்னும் உரிப்பொருள் மெலிந்து மறைகின்றது.

இதனாற் சிலர், வெப்பநாட்டினராகிய நாம் பனியைப் பாடுவது நகைப்புக்கிடமானது என்பர். அவர்கள் கூற்று ஓரளவே பொருந்தும். உரிப்பொருள் தவிர்ந்த ஏனையவை ஒரு நிலத்திலிருந்து மற்றொன்றிற்குச் சென்று மயங்குவதைத் தொல்காப்பியர் விலக்கவில்லை. எனவே நெடுந்தீவுச் சிறுவன் தான் காணாத பனியைப் பாடுதல் குற்றமன்று. பனியைப் பாடியபின் வேறொன்றும் எஞ்சாது போவதே குற்றம்.

நெடுந்தீவின் மார்கழி எத்தகையது? வாடைக்காற்று வீசும் காலம் அது. கடல் கொந்தளிக்கும், படகுகள் புறப்படாத நாள்கள் உண்டு, மறுகரைக்குச் சென்றவர் திரும்புவாரோ என்று வீட்டார் காத்திருப்பர். நெய்தற்குரிய உரிப்பொருள் இரங்கல் என்பதை நாமறிவோம். திருவருகைக் காலத்தின் உள்ளுணர்வும் காத்திருத்தலே. இவ்விரண்டும் இயல்பாகவே ஒன்றோடொன்று பொருந்தும் நிலமாக இத்தீவு அமைந்துள்ளது. 1985 மே 15 அன்று குமுதினிப் படகிற் பயணஞ்செய்தோர் நடுக்கடலிற் கொல்லப்பட்டதை மறவாத மக்கள் அவர்கள். அமைதியான இரவு என்று அவர்கள் பாடும்போது அது பருவகால வாழ்த்தாக நில்லாது மன்றாட்டாகவே அமையும். சைமனும் கார்பங்கலும் செய்தியறிக்கையைச் சேர்த்து உணர்த்தவேண்டியிருந்ததை, அத்தீவினர் ஒன்றையும் சேர்க்காமலே உணர்வர்.

5

இப்பொருத்தம் நம் பாடல்களில் உரியவாறு வெளிப்பட்டுள்ளதா என்பதே அடுத்த வினா. தமிழ்க் கிறித்தவ இலக்கியத்துக்குச் செழித்த மரபுண்டு. வீரமாமுனிவரின் தேம்பாவணியும், வேதநாயக சாஸ்திரியாரின் பெத்லகேம் குறவஞ்சியும் கிறித்து பிறப்புச் செய்தியைத் தமிழ் யாப்பிலும் தமிழ்ப் பிரபந்த வடிவிலும் தந்தன. யாழ்ப்பாணக் கத்தோலிக்கர் கூத்துமரபில் விருத்தமும் தருவும் சிந்தும் வாழ்ந்தன. அண்ணாவியார் ஓரடியைப் பாட, பிற்பாட்டுக்காரர் அதனை ஏந்தி மீளப்பாடும் முறையும் ஒருவகை இருகுரற் பாடலே. மேனாட்டு இரட்டையர் ஒரே கணத்தில் இருவேறு சுரங்களிற் பாடி இணைவர். நம்மவர் ஒருவர்பின் ஒருவராகப் பாடி இணைவர். முன்னது உடனிருத்தலைக் காட்டும். பின்னது மறுமொழியைக் காட்டும்.

1963 இல் இரண்டாம் வத்திக்கான் சங்கம் வழிபாட்டிலே தாய்மொழிக்கு இடமளித்து, அவ்வவ் மக்களின் இசைமரபுகளையும் மதிக்கப் பணித்தது. தமிழைப் பக்தியின் மொழியென உலகறியச் செய்தவரும், நெடுந்தீவோடு குடிவழித் தொடர்புடையவரும், ஊர்காவற்றுறைக் கரம்பொன்னிற் பிறந்தவருமான தனிநாயகம் அடிகளார் (1913–1980) வாழ்ந்த காலத்திலேயே இம்மாற்றம் நிகழ்ந்தது. எனினும் இலத்தீன் சென்ற இடத்தில் முழுமையாகத் தமிழிசை வந்து அமர்ந்துவிடவில்லை. மேனாட்டு மெட்டுகளுக்குத் தமிழ்ச் சொற்களை இட்டு நிரப்பும் முயற்சிகளே பல்கின.

இம்முறையில் உள்ள இடர்ப்பாடு நுணுகி நோக்கத்தக்கது. செர்மன், ஆங்கில மொழிகளில் இசை அழுத்தம் அசையழுத்தத்தைத் தழுவிச் செல்லும். தமிழில் அசையின் அளவே உயிர்நிலை. குறிலை நெடிய சுரத்தில் நிறுத்தினால் அது நெடிலாகிப் பொருளே மாறிவிடும்: கல் காலாகும், பல் பாலாகும். ‘சைலன்ற் நைற்’ மெட்டில் முதலசை நீண்டு நிற்பது. அவ்விடத்திற் குறிலை வைக்கும் மொழிபெயர்ப்பாளர், குழந்தையைத் தாலாட்ட வந்து தமிழைத் திணறடிக்கின்றார். பேரிசைக் கருவிகளின் ஆரவாரத்தில் இக்குறை மறைந்துபோகும். ஒற்றைக் கிற்றாரோடு பாடும்போதோ மறைவதற்கு இடமில்லை. எளிய பின்னணி இசையின் உண்மையான பயன் இதுவே: அது சொல்லைச் சோதனைக்குள்ளாக்குகின்றது.

இவ்விடத்தில் 1970களில் எழுந்த ஈழத்துத் தமிழ்ப் பொப்பிசையை நினைவுகூர்தல் தகும். நித்தி கனகரத்தினம், ஏ. ஈ. மனோகரன் முதலியோர் கிற்றாரைக் கையிலெடுத்து யாழ்ப்பாணப் பேச்சுவழக்கையே பாட்டாக்கினர். அவர்தம் பாடல்களில் எள்ளல் மிகுதி, ஆழம் குறைவு என்று அக்காலத்தில் முகஞ்சுளித்தவர் பலர். எனினும் ஒன்றை மறுத்தற்கில்லை. அப்பாடல்களிற் குறில் குறிலாகவும் நெடில் நெடிலாகவும் ஒலித்தன. ஏனெனில் மெட்டு பேச்சிலிருந்து பிறந்தது. அவற்றுக்கு அடித்தளமான பைலாத் தாளம் ஆறெண்ணிக்கையது. ‘சைலன்ற் நைற்’ பாடலும் ஆறெண்ணிக்கையதே. விரைந்தால் ஆட்டமாகவும் தணிந்தால் தாலாட்டாகவும் மாறும் அத்தாளம் நம் கிற்றார்க் கலைஞரின் கையில் முன்னரே இருந்தது. அதனைத் தணித்து, வாடைக்காற்றையும் காத்திருக்கும் கரையையும் தொழுவத்தையும் பாடும் நத்தார்ப் பாடலாக்கும் பணி போதியளவு நிகழவில்லை என்பதே நம் குறை. மாறாக, நம் கோயில்களும் கரோல் குழுக்களும் மின்விசைப் பலகையையும் ஒலிபெருக்கியையும் வளர்ச்சியின் அறிகுறியாக ஏற்றுக்கொண்டன. மேனாட்டார் தாம் வைத்திருந்ததை விட்டு எளிமையை நாடிய வேளையில், நாம் நம்மிடமிருந்த எளிமையை விட்டு அவர்கள் கழித்ததை நாடினோம்.

இதற்காகத் தீவினரைக் குறைகூறுதல் அறமாகாது. இல்லாமையை அனுபவித்தவனிடம் அதன் அழகைப் போதிப்பது நகரத்து இரசிகனுக்கு எளிது. இருளில் வாழ்ந்தவனுக்கே விளக்கின் அருமை தெரியும். நாம் வேண்டுவது மின்சாரத்தை விலக்குதலன்று. மின்சாரம் வந்தபின்னும் எதனை அதனிடம் ஒப்படைக்கலாகாது என்று தெரிந்துகொள்வதே வேண்டப்படுவது.

போரும் புலப்பெயர்வும் நெடுந்தீவின் குடிகளைக் குறைத்துவிட்டன. பழைய கூத்துப் பாடல்களையும், மார்கழி இரவுகளில் வீடுவீடாகப் பாடப்பட்டவற்றையும் நினைவில் வைத்திருக்கும் முதியோர் ஆண்டுதோறும் அருகி வருகின்றனர். அவர்தம் பாடல்களை மெட்டோடும் தாளத்தோடும் பதிவுசெய்து தொகுத்தல் தமிழும் இசையும் பயிலும் பல்கலைக்கழக மாணவர் உடனே மேற்கொள்ளத்தக்க பணியாகும். அத்தொகுப்புக்குப் பேரிசைக் குழு வேண்டுவதில்லை. பாடும் முதியவர் ஒருவரும், பிற்பாட்டுக்கு இளையவர் ஒருவரும், சுருதிக்கு ஒரு கிற்றாரும் போதும். ஓபர்ன்டோர்வில் 1818 இல் இருந்தது அவ்வளவே.