டாங் வெய்: பொய்க்கும் மெய்க்கும் ஒரே முகம்

பொய் சொல்லும் கதாபாத்திரம் கிடைத்தால் பல நடிகைகள் ஒரு தவறு செய்வார்கள். 'இது பொய்தான், கவனியுங்கள்' என்று பார்வையாளருக்கு ஓரக்கண்ணால் சாடை காட்டிவிடுவார்கள். சீன நடிகை டாங் வெய் அதைச் செய்வதே இல்லை. அதனால்தான் அவர் உண்மையைச் சொல்லும் இடத்தில் நமக்குத் தூக்கிவாரிப்போடுகிறது.

ஆங் லீயின் 'லஸ்ட், காஷன்' (2007) அவருடைய முதல் படம். ஜப்பானியர் பிடியில் ஷாங்காய். கல்லூரி நாடகத்தில் நடித்த வாங் ஜியாஜி (டாங் வெய்), திருமதி மாக் என்ற வேடத்தில், ஜப்பானியருக்குத் துணைபோகும் அதிகாரி யீயை மயக்கிக் கொலைவலைக்குள் இழுக்க வேண்டும். படுக்கையறைக் காட்சிகளைப் பற்றியே ஊர் பேசிக்கொண்டிருந்தது பெரிய அநியாயம். பேச வேண்டியது நகைக்கடைக் காட்சியைப் பற்றி.

விரலில் இளஞ்சிவப்பு வைர மோதிரம். வெளியே கூட்டாளிகள் காத்திருக்கிறார்கள். இவ்வளவு விலையுள்ளதைப் போட்டுக்கொண்டு தெருவில் நடக்கப் பயம் என்று கழற்றப் பார்க்கிறாள், யீ தடுக்கிறான். அவள் நிமிர்ந்து அவன் முகத்தைப் பார்க்கிறாள். மூலக்கதையில் ஐலீன் சாங் அவள் மனத்துக்குள் புகுந்து விஷயத்தைச் சொல்லிவிடுகிறார். படத்தில் அந்த வசதி இல்லை. எல்லாப் பாரமும் நடிகையின் தலையில். டாங் வெய் அழவில்லை. உதடு லேசாக நடுங்குகிறது, மூச்சு தடுமாறுகிறது, போய்விடச் சொல்கிறார். யீக்கு உடனே உறைக்கவில்லை. மறுபடி சொல்கிறார். யீயாக நடிக்கும் டோனி லியுங் மாடிப்படியில் பாய்ந்து இறங்கும் வேகமும் அபாரம்தான், ஆனால் காட்சி டாங் வெய்யுடையது. ஒரு சொல்லில் தன் உயிரையும் தோழர்கள் உயிரையும் கொடுத்துவிடுகிறாள்.

அதற்குக் கிடைத்த கைம்மாறு? 2008இல் சீன ஊடகங்களில் டாங் வெய்க்குத் தடை. லியுங்குக்கு ஒன்றுமில்லை.

பார்க் சான்-வூக்கின் 'டிசிஷன் டு லீவ்' (2022) கொரியப் படம். கணவனைக் கொன்றதாகச் சந்தேகிக்கப்படும் சீனப் பெண் சோ-ரேவாக டாங் வெய், அவளை விசாரிக்கும் துப்பறிவாளர் ஹே-ஜுன். விசாரணை அறையில் இருவரும் சூஷி சாப்பிட்டு முடித்ததும் ஒரு வார்த்தைகூடப் பேசாமல் மேசையைச் சேர்ந்தே துடைக்கிறார்கள். ஒருவர் எடுக்க, மற்றவர் துடைக்க, பல வருடம் குடித்தனம் நடத்தியவர்களின் கைப்பழக்கம். இதில் சோ-ரே எவ்வளவு நடிக்கிறாள் என்று கடைசிவரை பிடிகொடுக்காமல் டாங் வெய் வைத்திருப்பதுதான் படத்தின் உயிர்.

தனக்காக ஹே-ஜுன் சாட்சியத்தையே மறைத்தான் என்று தெரிந்தபின், அவள் அவனுடைய குரல்பதிவைத் திரும்பத் திரும்பக் கேட்கிறாள். முடிவில் கடற்கரை மணலில் குழி தோண்டி அலைக்குத் தன்னைக் கொடுக்கிறாள். தீராத வழக்குகளின் படங்களைச் சுவரில் ஒட்டிவைப்பவன் ஹே-ஜுன். அந்தச் சுவரில் தனக்கொரு இடம் வேண்டும் என்பதே அவள் ஆசை. வாளியால் மணல் அள்ளும்போதும் டாங் வெய் முகத்தில் தியாகி பாவனை கிடையாது. முடிவெடுத்துவிட்ட ஒருத்தியின் சுறுசுறுப்புதான்.

2007 வெனிஸ் விழாவில் 'லஸ்ட், காஷன்' படத்துக்குத் தங்கச் சிங்கம் கிடைத்தது, நடிகை விருது கேட் பிளான்செட்டுக்குப் போனது. 2022இல் கொரியாவின் ப்ளூ டிராகன் சிறந்த நடிகை விருதை டாங் வெய் வாங்கினார். அதைப் பெற்ற முதல் வெளிநாட்டவர் அவர்தான். நகைக்கடைக் காட்சிக்கே கொடுத்திருக்க வேண்டிய மரியாதை அது.