யார் கூற்று? கடினமான மூன்று படைப்புகள் பற்றி

கடினமான புதிய நாவலொன்றையோ திரைப்படமொன்றையோ ஓவியமொன்றையோ எதிர்ப்படுவோர் பெரும்பாலும் இரண்டு வினாக்களையே எழுப்புவர். இது சொல்லவரும் கருத்து யாது என்பது ஒன்று. இது நல்லொழுக்கத்துக்கு ஒத்ததா என்பது மற்றையது. இவை கேட்கத் தகாத வினாக்களல்ல. ஆயினும் முதலிலேயே கேட்கப்படுமிடத்து வாசகரைப் படைப்பினின்றும் விரைவில் வெளியேற்றிவிடுகின்றன. விடை கிடைத்தால் நூல் மூடப்படும்; கிடைக்காவிடின் வீசப்படும். ஈழத்திலே எஸ். பொன்னுத்துரையின் 'தீ' 1961இல் வெளிவந்தபோது, அது ஆபாசமா அன்றா என்ற வழக்கே மேலோங்கி நின்றது; அவ்விரைச்சலில் நாவலின் ஆக்கம் பற்றிய பேச்சு அமுங்கிப்போயிற்று. இன்று வேறொரு குறுக்குவழியும் வந்துசேர்ந்துள்ளது. பரிசு பெற்றதா என்று பார்த்துக்கொண்டு பாராட்டுவது அது. இகழ்ச்சியினும் இப்பாராட்டே மாணவருக்குக் கூடிய தீங்கு செய்வது. இகழ்பவராவது சிறிது வாசித்திருப்பர்.

பழந்தமிழ் வாசகர் இவ்வகையில் நன்கு பயிற்றப்பட்டவர். அகப்பாட்டொன்றைக் கையிலெடுத்ததும் அவர் அதன் கருத்தைத் தேடுவதில்லை. இது யார் கூற்று, யாரை நோக்கிய கூற்று, எவ்விடத்தில் எப்பொழுதில் நிகழ்ந்தது என்பவற்றையே முதலில் அறிய விழைவர். தொகைநூற் பாட்டுகளோடு வழிவழி வந்துள்ள துறைக்குறிப்புகள் அப்பயிற்சியின் பேறாகும். தொல்காப்பியச் செய்யுளியல் எண்ணும் 34 உறுப்புகளுள் கூற்று, கேட்போர், களன், காலம், எச்சம் என்பனவும் அடங்கும். எதுகை மோனைகளையே செய்யுளின் உறுப்பென எண்ணியிருப்போருக்கு இது வியப்பாகத் தோன்றலாம். பேசுவோரும் கேட்போரும், ஏன், சொல்லாது விடப்பட்டதுங்கூட அங்கே செய்யுளின் உறுப்பாகவே கொள்ளப்பட்டது. இக்கருவியைப் பழம்பாட்டுக்கே உரியதெனக் கருதிப் பண்டித வகுப்பறையில் விட்டுவருதல் பேரிழப்பு. கொரியாவிலும் ஈரானிலும் பரோடாவிலும் தோன்றிய மூன்று படைப்புகளின் முன்னர் அதனை எடுத்துச்சென்றால் எவ்வளவு தூரம் அது துணைநிற்கும்?

முதலாவது, கொரிய எழுத்தாளர் ஹன் காங் எழுதி 2007இல் வெளிவந்த நாவல். முன்னர்த் தனித்தனியே வெளியான மூன்று குறுநாவல்களின் சேர்க்கை அது. அதன் ஆங்கில மொழிபெயர்ப்பு 2016இல் அனைத்துலக மான் புக்கர் பரிசைப் பெற்றது. ஆசிரியர் 2024இல் நொபெல் பரிசு பெற்றார். தமிழிற் சமயவேல் இதனை 'மரக்கறி' என்ற தலைப்பில் மொழிபெயர்த்துள்ளார். யாழ்ப்பாணத்தாருக்கு இது நாள்தோறும் சந்தையில் வழங்கும் சொல். அவ்வளவு நெருக்கமாக வந்து நிற்பதே இங்கு இடையூறாகின்றது.

யோங்-ஹே என்னும் இளம் மனைவி இரத்தந்தோய்ந்த கனவொன்றைக் கண்டு, குளிர்ப்பெட்டியிலிருந்த இறைச்சி முழுவதையும் எடுத்தெறிந்துவிடுகிறாள். அன்று தொடக்கம் அவள் புலால் உண்ணாள். சைவப் பண்பாட்டில் வளர்ந்த வாசகருக்கு இதிற் கடினம் ஏது? சைவம் என்ற சொல்லே சமயத்தையும் புலாலில்லா உணவையும் ஒருங்கே குறிக்கும் நாட்டில், திருக்குறளின் புலான்மறுத்தல் அதிகாரத்தைப் பள்ளியிற் கற்றவரும் வெள்ளிக்கிழமையில் மச்சம் தீண்டாதவரும் உடனே அவள் பக்கம் சேர்ந்துகொள்வர். குடும்ப விருந்திலே தந்தை அவளை அறைந்து, வாயில் இறைச்சியைத் திணிக்கும் கட்டத்தில் அவர்தம் சீற்றம் எல்லை கடக்கும். அச்சீற்றம் நியாயமானதே. ஆயினும் அவர் அப்பொழுது தம் அறநூலை அந்நாவலின்மேல் விரித்து வைத்து வாசிக்கின்றனர். யோங்-ஹே கொல்லாமை பற்றி எவருக்கும் உபதேசிப்பதில்லை, விரதமும் பூணவில்லை. காரணம் கேட்போருக்கு ஒரு கனவு கண்டதாக மாத்திரம் கூறுகிறாள்.

யார் கூற்று என்று இங்கே கேட்டுப் பார்த்தல் வேண்டும். முதற்பகுதி கணவன் கூற்று. எவ்விதச் சிறப்புமில்லாதவள் என்பதற்காகவே அவளைத் தேர்ந்து மணந்ததாகச் சொல்லும் அவன், அவளது மாற்றத்தைத் தன் மேலதிகாரிகள் முன் நேர்ந்த மானக்கேடாகவே காண்கிறான். இரண்டாம் பகுதி படர்க்கையில் அமைந்ததாயினும் தமக்கையின் கணவனாகிய காணொளிக் கலைஞனின் கண்வழியே நடக்கின்றது. அவளுடலிலுள்ள பிறவி மறுவொன்றைப் பற்றிய வேட்கை மேலிட, அவன் அவள் மேனியெங்கும் பூக்களைத் தீட்டிப் படம் பிடிக்கிறான். மூன்றாம் பகுதி தமக்கை இன்-ஹேயின் நோக்கில் அமைந்தது. ஆக, மூவருக்கும் பகுதி உண்டு, தலைவிக்கு இல்லை. கணவனின் உரையினிடையே சிதறிக் கிடக்கும் கனவுத் துண்டங்களே அவள் கூற்றாக எஞ்சுகின்றன. அகப்பாட்டிலும் தலைவி வாய்திறவாத பாட்டுகள் பலவுண்டு. ஆனால் ஆண்டு அவள் நெஞ்சறிந்த தோழி அவளுக்காகப் பேசுவாள். இந்நாவலில் தோழியின் இடம் வெறுமையாய்க் கிடக்கின்றது. அவ்வெறுமையை உணராத வாசகர் தாமே தோழியாகி அவளுக்காகப் பேசத் தொடங்கிவிடுவர். சைவ வாசகர் செய்வது இதுவே.

மூன்றாம் பகுதியில் அவ்வழி அடைபடுகிறது. மனநோய் மருத்துவமனையில் யோங்-ஹே தலைகீழாக நிற்கிறாள். கைகள் மண்ணில் வேர்விடுவதாக எண்ணுகிறாள். தான் மரமாவதாக நம்பி எல்லா உணவையும் மறுக்கிறாள். இறைச்சியை மறுத்தபோது அவளைக் கொண்டாடியவர் சோற்றையும் மறுக்கும்போது என் சொல்வர்? மருத்துவர் குழாய் வழியே உணவு செலுத்த முயல்கின்றனர். தந்தை திணித்த இறைச்சிக்கும் மருத்துவர் செலுத்தும் உணவுக்கும் வேறுபாடு உண்டு என்று எவரும் சொல்லுவர். ஆனால் அவ்வேறுபாடு அவளுக்குத் தெரியுமா? அவளுடல் அவளுக்கே உரியதெனின், அதனை அழிக்கும் உரிமையும் அவளுடையதா? அவளை அங்கே சேர்ப்பித்த தமக்கை அன்பற்றவள் அல்லள். நாவலின் மூன்று நோக்கர்களுள் அன்புடையவள் அவளொருத்தியே. நாவல் இவ்விடத்திற்றான் உண்மையிற் கடினமாகின்றது. முதற்பகுதியில் எளிதாக வழங்கிய தீர்ப்பை இங்கே காப்பாற்றுதல் எவர்க்கும் அரிது.

குறைகள் இல்லையென்று கூறுதற்கில்லை. கணவன் மனிதனாக வளராது ஒரு மாதிரியுருவாகவே நின்றுவிடுகிறான். தந்தை வியற்நாம் போரிற் சென்று போர்புரிந்தவர் என்ற செய்தி, அவரது முரட்டுத்தனத்துக்கு ஏதோ விளக்கம் போல வைக்கப்பட்டு அப்படியே விடப்படுகிறது. இரண்டாம் பகுதியில், பெண்ணுடலைப் பொருளாகக் காணும் கண்ணை இனங்காட்டப் புகுந்த எழுத்து, அக்கண்ணின் இன்பத்திலே தானும் சிறிது தோய்ந்துவிடுகின்றது. மொழிநடையைப் பற்றித் தீர்ப்புக் கூறுதல் வாசகர் பலருக்கு இயலாத காரியம். ஆங்கில மொழிபெயர்ப்பு மூலத்தினின்றும் பல இடங்களில் விலகிச் செல்வதாகக் கொரிய மொழி வல்லார் எடுத்துக்காட்டியுள்ளனர். கூற்றமைதியோ மொழிபெயர்ப்பிலும் அழியாது நிற்பது. அதனைப் பற்றித் துணிந்து பேசலாம்.

அஸ்கர் பர்ஹாதியின் பாரசீகத் திரைப்படம் 2011இற் பெர்லின் விழாவிலே தங்கக் கரடி விருதையும், 2012இல் ஒஸ்கார் விருதையும் பெற்றது. நாதேர் என்பான் சிமீனைப் பிரிதல் என்பது அதன் மூலத் தலைப்பின் பொருள். முதற்காட்சியிலே கணவனும் மனைவியும் படக்கருவியை நேரே நோக்கி அமர்ந்து வழக்குரைக்கின்றனர். மகளின் நலன் கருதி நாட்டை விட்டு வெளியேற வேண்டும் என்கிறாள் மனைவி. நினைவழிந்த தந்தையை விட்டு வர இயலாது என்கிறான் கணவன். நீதிபதியின் குரல் கேட்கின்றது, முகம் தோன்றுவதில்லை. பார்ப்போர் தம்மையறியாமலே நீதிபதியின் ஆசனத்தில் இருத்தப்பட்டுவிடுகின்றனர். வழக்காடுதலிற் பெயர்போன யாழ்ப்பாணத்தாருக்கு அவ்வாசனம் மிக உவப்பானதே.

சிமீன் தாய்வீடு சென்றபின், கிழவரைப் பராமரிக்க ரஸியே என்னும் ஏழைப்பெண் அமர்த்தப்படுகிறாள். அவள் கருவுற்றிருக்கிறாள். ஒருநாள் நாதேர் வீடு திரும்பியபோது தந்தை கட்டிலோடு கட்டப்பட்டு நிலத்தில் விழுந்து கிடக்கிறார்; ரஸியே இல்லை. அவள் மீண்டு வந்ததும் கடுஞ்சினங்கொண்டு அவளை வாயிலுக்கு வெளியே தள்ளுகிறான். அவளது கரு அழிகின்றது. அவள் கருவுற்றிருந்தமையை அவன் அறிவானா? அவன் தள்ளியதாற்றான் கரு அழிந்ததா? இவ்விரு வினாக்களின்மேலேயே மன்றத்து வழக்கு நடக்கிறது.

படத்தின் திறப்பாடு ஓர் இடைவெளியில் அடங்கியுள்ளது. அதற்கு முந்திய நாள், வீட்டைவிட்டு வெளியேறிய கிழவரை வாகனங்கள் விரையும் வீதியிற் கண்டு ரஸியே பதறுகிறாள். அக்கணத்திற் காட்சி அறுபட்டு, அடுத்த காட்சி வேறிடத்திலே தொடங்கிவிடுகிறது. இடையில் ஒன்று நிகழ்ந்தது என்பதையே பார்ப்போர் எண்ணுவதில்லை. தொல்காப்பியர் எச்சம் என்றது, சொல்லாலோ குறிப்பாலோ பின்னர் முடிவுகொள்ள வேண்டி நிற்பதனை. பர்ஹாதியின் எச்சமோ எச்சமென்றே தெரியாதவாறு மறைக்கப்பட்ட எச்சம். வீதியிலே வாகனமொன்று அவளை மோதியது என்பது மிகப் பிந்தியே வெளிவருகிறது. அதற்குள் நீதிபதியின் ஆசனத்திலிருந்தோர் பலமுறை தீர்ப்பை மாற்றி எழுதியிருப்பர். இறுதியில் நாதேர், தன்னாலேயே கரு அழிந்ததெனக் குர்ஆனின்மேற் சத்தியம் செய்யுமாறு கேட்கிறான். இழப்பீட்டுப் பணம் முன்னே இருக்கின்றது, கடன்காரர் சூழ்ந்திருக்கின்றனர், அவளாற் சத்தியம் செய்ய முடியவில்லை. கோயில் வாசலிற் சத்தியம் பண்ண அஞ்சி வழக்கைக் கைவிட்டோர் கதை வழங்கும் ஊர்களில் இக்காட்சிக்கு உரை வேண்டா.

தாயோடு செல்வதா, தந்தையோடு வாழ்வதா என்று முடிவுசெய்யுமாறு மகள் தெர்மே மன்றத்திற் கேட்கப்படுகிறாள். முடிவு செய்துவிட்டதாகக் கூறுகிறாள். பெற்றோர் வெளியே அனுப்பப்பட்டு நடைவழியிற் காத்திருக்கின்றனர். படம் அவ்வளவில் நின்றுவிடுகிறது. இதனை முடிவில்லாத படம் என்று குறைகூறுவோர் உளர். அவர்கள் ஒன்றை மறந்துவிடுகின்றனர். தந்தையைக் காப்பதற்காக அச்சிறுமி முன்னரே அதிகாரியின் முன் பொய்யுரைக்க நேர்ந்தது. வளர்ந்தோர் அனைவரும் அவளைச் சாட்சியாக்கிக்கொண்டனர். அவள் விடையைப் பார்ப்போருக்கு அறிவித்திருந்தால் அவர்களும் அவ்வரிசையிற் சேர்ந்திருப்பர். அவள் கூற்றை அவளிடமே விட்டமை இப்படத்தின் நாகரிகம் என்றே கொள்ளல் வேண்டும். ஒரு குறை சொல்வதானால், நிகழ்ச்சிகள் கடிகாரச் சக்கரங்கள் போல ஒன்றையொன்று மிகக் கச்சிதமாகப் பற்றிச் சுழல்கின்றன. மனிதர் மூச்சுவிட இன்னும் சிறிது இடம் இருந்திருக்கலாம்.

ஓவியத்தில் கூற்று ஏது? பூபேன் கக்கர் (1934–2003) பம்பாயிற் பிறந்து, கணக்காளராகத் தகைமை பெற்று, 1962இற் பரோடா சென்று ஓவியரானவர். ஓவியத் தொழிலைப் பெரிதும் தாமாகவே பயின்றுகொண்டார். 'எல்லாரையும் திருப்திப்படுத்த இயலாது' என்னும் பொருள்தரும் தலைப்பிட்டு 1981இல் அவர் வரைந்த ஓவியம் இலண்டன் தேற் கலைக்கூடத்தில் உள்ளது. பள்ளிப் பாடநூலிற் படித்த கதைதான்: தந்தையும் மகனும் கழுதையும். மகன் ஏறினாலும் ஏச்சு, தந்தை ஏறினாலும் ஏச்சு, இருவரும் ஏறினாலும் ஏச்சு. கதையின் கட்டங்கள் ஒரே ஊரின் பரப்பில், அதே மாந்தர் மீளமீளத் தோன்ற, வரையப்பட்டுள்ளன. தெகல்தொருவை விகாரையின் சாதகக் கதைச் சுவரோவியங்களைக் கண்டோருக்கு இம்முறை புதிதன்று. கலங்கச் செய்வது முன்னே நிற்கும் உருவம். மேன்மாடத்தில், ஏறத்தாழ ஆளுயரத்தில், ஆடையற்ற ஆண்மகனொருவன் பார்ப்போருக்கு முதுகு காட்டி நின்று அவ்வூரைப் பார்க்கிறான். அவன் ஓவியரே என்று கொள்ளப்படுகிறது. ஆண்கள்பால் தமக்கிருந்த காதலை அவர் மறைப்பின்றி வெளிப்படுத்திய ஓவியம் இதுவென்பர். அந்நாளில் இந்தியச் சட்டம் அத்தகைய உறவைக் குற்றமெனக் கொண்டிருந்தது. 2018இலேயே அந்நிலை நீங்கிற்று.

அகத்திணை நூல்கள் அலர் என்றதொன்றைப் பேசும். காதலரைப் பற்றி ஊர்வாய் தூற்றுவது அது. கழுதைக் கதை அலரின் கதையே அன்றி வேறென்ன? ஊர்வாய்க்கு அஞ்சி அஞ்சியே கழுதையை இழந்தவர் கீழே. அவ்வூரின் முன் ஆடையின்றி நிற்பவன் மேலே. அவன் முகம் காட்டாமையால் அவனை நோக்கி ஏசவும் இயலாது. அவன் பின்னால் நின்று, அவன் தோளுக்கு மேலாகவே ஊரைப் பார்க்க வேண்டியிருக்கிறது. நிர்வாணம் கண்டு முகஞ்சுளிப்பவருங்கூட ஓவியத்தைப் பார்க்கும் நேரமெல்லாம் அவனருகிலேயே நிற்கின்றனர்.

2016இல் இலண்டன் தேற் மொடேர்ன் கலைக்கூடத்தில் இவ்வோவியத்தின் பெயராலேயே கக்கரின் ஓவியக் காட்சி நடைபெற்றது. இலண்டன் நாளேட்டு விமரிசகரொருவர் அவரைத் தரங்குறைந்த ஓவியர் என ஒதுக்கினார். இந்தியக் கலைஞர் பலர் கொதித்தெழுந்தனர். அவ்வழக்கிற் கக்கரின் வரைதிறன் பற்றிய வினா முற்றாகத் தீர்ந்ததென்று சொல்லமுடியாது. அவருடைய மனித உருவங்களின் மூட்டுகள் சில மரத்தாற் செய்தவை போலிருப்பது உண்மை. அது இயலாமையா, கடைத்தெருப் படங்களின் நடையை விரும்பி மேற்கொண்டமையா என்பதை ஓவியத்தின் முன் நின்றே துணிதல் வேண்டும். பக்கமொன்று ஏறத்தாழ 176 சென்ரிமீற்றர் கொண்ட சதுரம் அது. இலங்கை மாணவர் அதனை உள்ளங்கையளவு அச்சுப்படியிலேயே காண்பர். அவ்வளவிற் கூற்றும் களனும் தெரியும், கழுதையும் தெரியும். ஆளுயரத்து மனிதனொருவன் அருகில் நிற்பது மட்டும் தெரியாது.