மனத்தை அளக்கும் கோல்

மனிதன் தன் மனத்தைத் தானே முழுதும் அறிந்தவன் அல்லன் என்னும் கருத்தை மருத்துவத்தின் பெயரால் நிலைநாட்ட முயன்றவர் சிக்மண்ட் பிராய்ட். அவர் தொடங்கிய உளப்பகுப்பாய்வு நோயாளியின் கட்டிலருகே பிறந்தது. ஆயின் அது அங்கேயே நின்றுவிடவில்லை. கலை, சமயம், குடும்பம், அரசு அனைத்திற்கும் உரை கூறப் புகுந்தது. வியன்னா நகரத்து நடுத்தரக் குடும்பத்தில் தந்தைக்கும் மகனுக்கும் இடையே கண்ட பூசலை, 1913-ல் வெளியான தம் நூலொன்றில், மனித இனத்தின் தொடக்கத்திற்கே பிராய்ட் கொண்டு சென்றார். பசிபிக் தீவுகளில் ஆராய்ந்த மலினோவ்ஸ்கி 1927-ல் இதனை மறுத்தார். அத்தீவுகளில் கண்டிப்புக்குரியவர் தந்தையல்லர், தாய்மாமனே என்பதைக் காட்டி, குடும்ப அமைப்பு மாறினால் மனச்சிக்கலும் மாறும் என்றார்.

இவ்வழக்கில் நாம் கேட்க வேண்டிய வினா ஒன்றுண்டு. ஒரு சமூகத்தில் செய்த அளவுகோலை மற்றொரு சமூகத்தின்மீது வைத்து, அளவு பொருந்தாதபோது குறை யாருடையது? கோலினுடையதா, அளக்கப்பட்டவருடையதா? இவ்வினாவைத் தம் வாழ்க்கையாலேயே ஆராய்ந்தவர் என்பதால் பிரான்ட்ஸ் ஃபனானின் எழுத்துகளை இங்கே எடுத்துக்கொள்கிறோம்.

1925-ல் மார்த்தினிக் தீவில் கறுப்பினக் குடும்பத்தில் பிறந்த ஃபனான், பிரான்சில் உளமருத்துவம் பயின்றவர். 1952-ல் வெளிவந்த ‘கறுப்புத் தோல், வெள்ளை முகமூடிகள்’ அவருடைய முதல் நூல். அதன் சிறந்த பகுதிகளுள் ஒன்று, ஒக்தாவ் மனோனி என்பவருக்கு அவர் அளித்த மறுப்பு. மடகாஸ்கர் மக்கள் 1947-ல் பிரெஞ்சு ஆட்சியை எதிர்த்து எழுந்தனர், பல்லாயிரவர் மாண்டனர். 1950-ல் மனோனி எழுதிய நூல், அம்மக்களிடம் இயல்பாகவே ஒரு சார்பு மனப்பான்மை உண்டு என்று கூறியது. அங்குள்ளோர் சிலரின் கனவுகளையும் அது எடுத்துக்காட்டியது. கனவில் துப்பாக்கி வருகிறது; பகுப்பாய்வின் மரபுப்படி அதற்குப் பாலியல் பொருள் கூறப்படுகிறது. ஃபனானோ, அந்தத் துப்பாக்கி உண்மைத் துப்பாக்கியே என்கிறார். எழுச்சியை அடக்க வந்த படைவீரன் கையில் கண்ட துப்பாக்கிதான் உறக்கத்திலும் விரட்டுகிறது. கனவுக்குப் பொருள் கூறுமுன், கனவு கண்டவனின் தெருவில் என்ன நடந்தது என்று கேட்க வேண்டாமா? திறனாய்வாளர் எவரும் மறக்கலாகாத பாடம் இது.

எனினும் ஃபனான் கூறியது அனைத்தையும் நாம் ஒப்புக்கொள்ள வேண்டுவதில்லை. பிரெஞ்சுத் தீவுகளின் குடும்பங்களில் நூற்றுக்கு 97-ல் பிராய்ட் கூறிய தந்தை-மகன் சிக்கல் நோயாக முற்றுவதில்லை என்று அதே நூலில் எழுதுகிறார். அந்தத் தொகைக்கு அவர் சான்று எதுவும் தரவில்லை. பிறர் சான்றின்றிப் பொதுமைப்படுத்துவதைக் கடிந்தவர், தாமும் அவ்வாறே செய்துவிடுகிறார்.

1953-ஆம் ஆண்டு இறுதியில் அல்ஜீரியாவின் பிளிதா மனநல மருத்துவமனையில் அவர் பொறுப்பேற்றார். அந்நாட்டு உளமருத்துவத்தில் அப்போது அந்துவான் பொரோ என்பாரின் பள்ளி ஆதிக்கம் செலுத்தியது. 1918-லேயே பொரோ, முஸ்லிம்களின் மனவியல்பைப் பற்றி எழுதி, அவர்களை எளிதில் நம்புவோர், பிடிவாதக்காரர், அறிவார்வம் அற்றோர் என்று தாழ்த்தியிருந்தார். ஆட்சியின் இழிசொல் அங்கே அறிவியலின் ஆடையை அணிந்துகொண்டது.

ஃபனானின் பொறுப்பில் ஐரோப்பியப் பெண்களின் பிரிவு ஒன்றும், முஸ்லிம் ஆண்களின் பிரிவு ஒன்றும் இருந்தன. கூட்டங்கள், இதழ், விழாக்கள், கைத்தொழில் ஆகியவற்றால் நோயாளிகளை மீண்டும் சமூக வாழ்வுக்குப் பழக்கும் முறையை இரண்டிலும் நடத்தினார். பெண்கள் பிரிவில் அது பயன் தந்தது. முஸ்லிம் பிரிவில் முற்றிலும் தோற்றது. பொரோவின் பள்ளியாயின், ‘இவர்கள் திருந்தாதவர்கள்’ என்று ஏட்டை மூடியிருக்கும். ஃபனானோ, உடன் பணியாற்றிய ஜாக் அசுலேயுடன் சேர்ந்து 1954-ல் அத்தோல்வியையே கட்டுரையாக்கினார்.

காரணங்களை அவர்கள் ஒவ்வொன்றாக எண்ணிக் காட்டுகின்றனர். மருத்துவருக்கு அரபு மொழி தெரியாது. இடையில் நின்ற மொழிபெயர்ப்பாளர் நோயாளிக்கு நீதிமன்றத்தையும் அரசு அலுவலகத்தையுமே நினைவூட்டினார். எழுத்தறியாதார் பலர் இருந்த இடத்தில் இதழ் எதற்கு? கூடை முடைதல் பெண்கள் வேலை என்பது அவர்கள் எண்ணம். விழா என்றால் அவர்களுக்குப் பெருநாளும் குடும்ப வைபவமும்தான். மருத்துவமனை நாள் குறித்துக் கூட்டிய கொண்டாட்டம் பொருளற்றது. இவற்றை உணர்ந்த பின்னரே அங்கே உள்ளூர் மரபில் ஒரு காப்பிக்கடை வைக்கப்பட்டது, பெருநாள்கள் கொண்டாடப்பட்டன, கதை சொல்வோர் அழைக்கப்பட்டனர், நோயாளிகள் மெல்ல வாய் திறந்தனர். ஃபனானின் பக்கங்களுள் நம்மை மிகவும் கவர்வன இவையே.

1956-ல் போர்தோ நகரத்து மாநாட்டில் அவரும் ஷார்ல் ஜெரோனிமியும் படித்த கட்டுரை இதற்கு மகுடம் எனலாம். படங்களைக் காட்டிக் கதை சொல்லச் சொல்லி மனத்தை ஆராயும் அமெரிக்கச் சோதனை ஒன்றை அல்ஜீரிய முஸ்லிம் பெண்களிடம் அவர்கள் நடத்தினர. மேலைநாட்டு வீடும் மேலைநாட்டு உடையும் கொண்ட படங்களின் முன் அப்பெண்கள் திகைத்தனர். கண்டதை எண்ணிச் சொன்னார்களேயன்றிக் கதை பிறக்கவில்லை. கற்பனை வறட்சி என்று எழுதிவிடுவது எளிது. ஆனால் அச்சோதனையில் படமே இல்லாத வெற்று அட்டை ஒன்றும் உண்டு. அதைக் காட்டியபோது அதே பெண்கள் வளமான கதைகளைப் பொழிந்தனர். வறட்சி அவர்கள் உள்ளத்தில் இல்லை. காட்டிய படத்தில் இருந்தது.

1961-ல், ஃபனான் 36 வயதில் மறைவதற்குச் சற்று முன் வெளிவந்த ‘மண்ணில் சபிக்கப்பட்டோர்’ அவருக்கு உலகப் புகழ் தேடித் தந்தது. அடிமைப்பட்டவன் கையிலெடுக்கும் வன்முறை அவனுடைய தாழ்வு மனப்பான்மையைக் களையும் என்று அதன் முதல் இயல் முழங்குகிறது. கடைசி இயலோ போர்க்கால மனநோயாளிகளின் குறிப்பேடு. கைதிகளை வதைத்த காவல் அதிகாரி ஒருவர் வீட்டில் மனைவி மக்களையும் அடிக்கிறார். விடுதலைக்காகக் குண்டு வைத்த போராளி ஒருவர், பத்துப் பேர் மாண்ட அந்நாள் ஆண்டுதோறும் வரும்போது உறக்கமிழந்து தவிக்கிறார். வன்முறை மருந்தாயின் இவர் நலம் பெற்றிருக்க வேண்டும் அன்றோ? முதல் இயலின் முழக்கத்தைக் கடைசி இயலின் நோயாளிகளே மறுக்கின்றனர். முழங்கும் ஃபனானைவிட, செவிமடுக்கும் ஃபனானையே நாம் பெரிதும் மதிக்கிறோம்.

தமிழ் முஸ்லிம் குடும்பங்களாகிய நமக்கு இதில் என்ன என்று வாசகர் கேட்கலாம். 1956-ல் பிரான்சுவா சான்செஸுடன் ஃபனான் எழுதிய மற்றொரு கட்டுரை நம் வாசலுக்கே வருகிறது. வட ஆப்பிரிக்க முஸ்லிம்கள் மனநோயை ஜின்னின் செயலாகக் கருதுவதால், நோயாளியைக் குற்றவாளியாக எண்ணுவதில்லை. குணமடைந்து திரும்பினால் முன்போலவே ஏற்றுக்கொள்கின்றனர் என்று அதில் பாராட்டுகிறார். ஆயினும் அப்பரிவு மருத்துவத்தின் இடத்தை நிரப்பாது என்பதே அவர் முடிவு.

இராமநாதபுரம் மாவட்டத்து ஏர்வாடியை நாம் அறிவோம். நோயுற்றோரை நம்பிக்கையுடன் பல சமயத்தாரும் அழைத்துச் செல்லும் ஊர் அது. 2001 ஆகஸ்ட் 6 அன்று அங்கே தனியார் காப்பகம் ஒன்றில் தீப்பற்றியபோது, சங்கிலியால் பிணைக்கப்பட்டிருந்த 28 பேர் கருகி மாண்டனர். 2017-ஆம் ஆண்டின் மனநலச் சட்டம், நோயாளியைச் சங்கிலியிடுவதை அடியோடு தடை செய்கிறது. ஏர்வாடியில் துஆவுடன் மருந்தும் கிடைக்கச் செய்யும் அரசு முயற்சியும் தோன்றியது.

பொரோவின் பள்ளி நோயாளியின் நம்பிக்கையை இகழ்ந்தது. சங்கிலியோ நோயாளியையே மறந்தது. இரண்டும் அவன் பேச்சைக் கேட்கவில்லை என்பதில் ஒன்றே. நம் வீட்டுப் பிள்ளையோ, பெரியவரோ மனம் கலங்கி நிற்கும்போது, ‘இது ஜின்’ என்றோ ‘இது மூடநம்பிக்கை’ என்றோ தீர்ப்புக் கூறுமுன், அவரை அருகில் அமர்த்தி அவர் சொல்வதை முழுதும் கேட்போமாக. பின்னர் துஆவும் செய்வோம். மருத்துவரிடமும் தவறாது அழைத்துச் செல்வோம். அம்மருத்துவர் நம் மொழியும் வாழ்வும் அறிந்தவராக இருக்க வேண்டுமென்று கேட்பது நம் உரிமை.